பேர் வைக்காத பெண்டாட்டி

கொஞ்சம் நகர்ந்து என் பக்கத்தில் உட்கார், கண்ணு. அந்தப் போனைக் கவிழ்த்து வை, அது எங்கேயும் ஓடிப் போகாது. ஒரு பெண்டாட்டியின் கதை சொல்லப் போகிறேன். புருஷனுக்குப் பிடித்தவளாக ஆகிவிடலாம் என்று ஒரு புத்தகத்துக்குள் நுழைந்தாள். வெளியே வர வழி தெரியாமல் நின்றாள். கேட்டுவிட்டு, அவள் செய்தது சரிதானா என்று நீயே சொல்.

டெக்ஸாஸில் ஹூஸ்டனுக்கு மேற்கே கேட்டி என்று ஓர் ஊர். வீடு பெரிது, தெரு பெரிது, வானம் அதைவிடப் பெரிது. ஆனால் கார் ஓட்டத் தெரியாவிட்டால் ஒரு கொத்துக் கறிவேப்பிலைக்குக்கூடப் புருஷன் வரும்வரை காத்திருக்க வேண்டும். சாந்தி அங்கேதான் இருந்தாள். உடுமலைப்பேட்டைப் பக்கத்துப் பெண். புருஷன் நஞ்சப்பன் ஓர் எண்ணெய்க் கம்பெனியில் இன்ஜினியர். மகள் வான்மதி மிடில் ஸ்கூல், மகன் கவின் அவளுக்கு இளையவன்.

சாந்திக்கு வாய் கொஞ்சம் பெரிது. கெட்ட வாய் இல்லை, கலகலப்பான வாய். ஆபீஸ் விடும் நேரம் ஆனதும் போனைப் போட்டுவிடுவாள்.

"எங்க வர்றீங்க மாமா? இன்னும் ஃப்ரீவேலயே நிக்கறீங்களா? அங்கயே ஒரு வீடு பாத்துக்கங்க, நானும் புள்ளைகளும் பொட்டியோட வந்துடறோம்."

நஞ்சப்பன் முதலில் சிரிப்பான். பிறகு "ம்" என்பான். அந்த வருஷக் கோடையில் "ம்"மும் குறைந்துபோனது. சாப்பிடும்போது போனைப் பார்த்து உதட்டோரம் ஒரு சிரிப்பு வரும். சாந்தி தோசையோடு பக்கத்தில் வந்தால் அந்தச் சிரிப்பு போனோடு சேர்ந்து அணைந்துவிடும். பெண்பிள்ளைக்கு இது போதாதா? ஆபீஸில் எவளோ இருக்கிறாள் என்று வயிற்றில் நெருப்பைக் கட்டிக்கொண்டு திரிந்தாள். கேட்கவும் பயம். கேட்டு, ஆமாம் என்று சொல்லிவிட்டால் எங்கே போவது? விசா அவன் பேரில். வண்டி அவன் கையில். டிரைவிங் டெஸ்ட்டில் ஒரு தடவை கூம்பை இடித்துத் தோற்று, மறுபடி தேதி வாங்கி வைத்திருந்தாள், அவ்வளவுதான்.

ஒரு நாள் கவின் வீட்டு டேப்லெட்டைக் கொண்டுவந்து நீட்டினான். "அம்மா, ஐ கான்ட் ஃபைண்ட் மை டைனோசார் புக்." தேடிக் கொடுக்கப் போனவள் கண்ணில், டைனோசாருக்குப் பக்கத்திலேயே இன்னொரு அட்டை பட்டது. ஒரு பெண்ணின் பின்கழுத்து, ஒரு குடை, மழை. ஜப்பானிய நாவல், இங்கிலீஷில் மொழிபெயர்த்தது, பெரியவர்கள் மட்டும் படிக்கிற வகை.

நஞ்சப்பனுக்கு ஜப்பான் ஆசை பழையது. கல்யாணத்துக்கு முன்னால் கம்பெனி வேலையாகச் சில மாதம் ஒசாகாவில் இருந்தவன். அங்கே அவனோடு அதிகம் பேசிய பெண் வீட்டுக்காரம்மா ஒருத்திதான். குப்பையைப் பிரித்துப் போடவில்லை என்று தினமும் வாசலில் நின்று திட்டுவாளாம். அதை நடித்துக் காட்டித்தான் கல்யாணமான புதிதில் சாந்தியைச் சிரிக்கவைத்தான். ஆனால் படிக்கிற நாவலில் வருகிற ஜப்பான்காரி வேறு.

இந்த நாவலில் அவள் பேர் சயோகோ. கல்யாணமான ஒருவன் வாரம் ஒரு நாள் இவள் வீட்டுக்கு வந்து போகிறான். அவன் காலடிச் சத்தத்துக்கே இவள் எழுந்து வந்து, மண்டியிட்டு அவன் ஷூவைக் கழற்றுகிறாள். தொட்டியில் வெந்நீர் நிரப்பி வைக்கிறாள். எங்கே இருந்தாய், எப்போது வருவாய், ஒன்றும் கேட்பதில்லை. போன் பண்ணுவதில்லை. அவளுக்குத் தலைவலி வருவதில்லை, பசி வருவதில்லை. மற்றதெல்லாம் உனக்கே தெரியும்; அந்தப் பக்கங்களைச் சாந்தி காது சிவக்கத் தள்ளிவிட்டுப் போனாள்.

அவள் நின்றது வேறு இடத்தில். பல வரிகளுக்குக் கீழே மஞ்சளாகக் கோடு போட்டிருந்தது. "அவள் எதையும் கேட்கவில்லை" என்ற இடத்தில் கோடு. "அவள் குரல் காகிதக் கதவைத் தாண்டாது" என்ற இடத்தில் கோடு. கோட்டோரங்களில் குறிப்புகள் வேறு. "உன் அருகில் இருந்தால் என் களைப்புக்கு வேலையே இல்லை." "இந்த இடத்தில் வெகுநேரம் நின்றுவிட்டேன்."

சாந்தி கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள். முதலில் வந்தது நிம்மதி. எவளும் இல்லை, வெறும் எழுத்துப் பொம்பளை. அடுத்து வந்த நினைப்புதான் அவளைக் கவிழ்த்தது. மாமாவுக்கு என்ன பிடிக்கும் என்று மாமாவே கோடு போட்டு வைத்திருக்கிறார். அதன்படி நான் இருந்துவிட்டால் தீர்ந்ததே.

ஒரு விஷயத்தை அவள் மறந்துபோனாள், கண்ணு. அந்தப் புத்தக அக்கவுண்டு அவர்களுடையது மட்டும் இல்லை. நஞ்சப்பனும் கிட்டுசாமியும் நியூ ஜெர்சியில் பிஸ்கட்டவேயில் ஒரே அறையில் பிரம்மச்சாரிகளாக இருந்தபோது சேர்ந்து வாங்கியது. நம் பிள்ளைகள் அப்படித்தானே, ஒரு ரூமில் ஒருத்தன் வாங்கினால் எல்லாருக்கும் ஆச்சு. கல்யாணம் ஆகி ஆளுக்கொரு வீடு ஆன பிறகும் பழைய பாஸ்வேர்டே ஓடிக்கொண்டிருந்தது. கிட்டுசாமி இப்போது ஒரு மணி நேரக் கார் தூரத்தில் பேர்லேண்டில், மீனாட்சி கோயிலுக்குப் பக்கத்தில். சாந்திக்கு இதெல்லாம் தெரியும். அதில் சினிமா பார்ப்பார்கள், அதற்குத்தானே என்று இருந்துவிட்டாள். புத்தகமும் அதே கூரைக்குக் கீழேதான், ஒரு வீட்டில் போடும் கோடு இன்னொரு வீட்டிலும் தெரியும் என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை.

மறுநாளிலிருந்து அவள் போன் பண்ணவில்லை. காராஜ் கதவு உருளும் சத்தம் கேட்டதும் எழுந்து போய் நின்றாள். நஞ்சப்பன் உள்ளே வந்ததும் மண்டியிட்டு அவன் ஷூ நாடாவில் கை வைத்தாள்.

"என்ன புள்ள, கம்மல் கிம்மல் விழுந்துடுச்சா?"

"இல்லைங்க. உள்ள வாங்க. களைச்சு வந்திருப்பீங்க."

மேலே பாத்டப்பில் வெந்நீர் நிரப்பியிருந்தாள். அதைப் பார்த்துவிட்டு அவன் கேட்டான், "யாரைக் குளிப்பாட்டப் போற? கவினுக்குக் காய்ச்சலா?" உங்களுக்குத்தான் என்றதும் திகைத்தான்; ஆனால் இறங்கிக் குளித்தான். நல்லாயிருந்தது. அடுத்த நாளும் நல்லாயிருந்தது. ஏன் இப்படி என்று அவன் ஒரு நாளும் கேட்கவில்லை. சுகமாக இருப்பதை யார் கிளறுவார்கள்?

வீடு மெல்ல அடங்கியது. மிக்ஸியைக்கூட அவன் வருவதற்கு முன்னால் ஓட்டி முடித்துவிடுவாள். சயோகோ எங்கேயும் போவதில்லை, தன் வீட்டில் காத்திருக்கிறாள். ஆகவே சாந்தி டிரைவிங் டெஸ்ட் தேதியை ரத்து பண்ணினாள். சயோகோவுக்கு உடம்புக்கு ஒன்றும் வருவதில்லை. ஆகவே கடைவாய்ப் பல் குடையத் தொடங்கியபோது சாந்தி கிராம்பை அடக்கிக்கொண்டு இருந்தாள். கன்னம் பணியாரம் மாதிரி வீங்கியது. டாக்டரிடம் போக வண்டி வேண்டும், வண்டிக்கு அவனைக் கேட்க வேண்டும், கேட்காமல் இருப்பதற்குத்தானே இத்தனை பாடு. வான்மதிதான் பார்த்தாள்.

"அம்மா, யுவர் ஃபேஸ் இஸ் ஸ்வொல்லன். டிட் யூ டெல் அப்பா?"

"அப்பாவுக்கு ஆபீஸ்ல ஆயிரம் வேலை கண்ணு. சரியாயிடும்."

"ஆர் யூ கைஸ் ஃபைட்டிங்?"

"சண்டை போட்டா சத்தம் வராதா?"

"தட்ஸ் வாட் ஐ மீன்" என்றாள் பெண்.

இதற்கெல்லாம் பலன் இருந்ததா? அதுதான் கொடுமை. பிள்ளைகள் பள்ளிக்கூடம் போன பிறகு அவள் டேப்லெட்டைத் திறந்து பார்ப்பாள். புதுக் கோடுகள் விழுந்திருக்கும். புதுக் குறிப்புகளும். "இப்போதெல்லாம் வீட்டில் ஒரே அமைதி. ஆனாலும் மனசு உன்னிடத்தில்தான் நிற்கிறது." இவ்வளவு செய்தும் அந்த எழுத்துப் பொம்பளையிடம்தானா என்று சாந்தி இன்னும் குரலைக் குறைத்தாள். "அழ வேண்டியிருந்தால் குழாயைத் திறந்துவிட்டு அழுவாள்" என்ற வரியில் கோடு விழுந்த வாரம், அதையும் செய்தாள். எந்தக் கோடு புதிதாக விழுந்தாலும் அவள் நடக்க இருந்த இடத்தில் இன்னொரு அங்குலம் குறைந்தது.

ஒன்று மட்டும் அவளுக்கு உறுத்தியது. நாவலில் வந்து போகிற அந்தப் புருஷனுக்கு வீட்டில் ஒரு பெண்டாட்டி உண்டு. எப்போதாவது ஒரு வரியில் வருவாள். "சாப்பாடு எடுத்து வைக்கவா, வெளியே சாப்பிட்டீர்களா?" என்று கேட்பாள், அவன் பதில் சொல்ல மாட்டான், அத்தியாயம் முடிந்துவிடும். அவள் பேர் என்ன என்று சாந்தி முன்னும் பின்னும் புரட்டித் தேடினாள். எழுதினவர் பேரே வைக்கவில்லை. அவள் வரும் வரிகளில் ஒரு கோடும் இல்லை.

நவராத்திரி வந்தது. பேர்லேண்டில் கிட்டுசாமி வீட்டில் கொலு. கிட்டுசாமியின் மனைவி ஷ்யாமளா சென்னைக்காரி, சாந்திக்கு மூத்தவள், வெடிச்சிரிப்புக்காரி. ஆண்கள் காராஜில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள். ஷ்யாமளா சாந்தியைச் சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போய், சுண்டலை ஜிப்லாக் பைகளில் போடச் சொன்னாள். கண்ணுக்கு மை தீட்டியிருந்தாள்.

"என்னடி, வந்ததுலேர்ந்து பேச்சே காணோம்? உன் புருஷன் வாயைத் தச்சு அனுப்பிட்டாரா?"

"ஒண்ணுமில்லைங்க்கா. மை நல்லாருக்குதுங்க்கா."

"இருக்கும்ல?" ஷ்யாமளா கதவுப் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "ஒண்ணு சொல்றேன், சிரிக்காத. நம்ம அக்கவுண்ட்ல ஒரு ஜப்பான் புக் கெடந்துது. இவர்தான் திருட்டுத்தனமா வாங்கிருக்கார்னு தொறந்தேன். சயோகோன்னு ஒருத்தி. புருஷன் இருக்கற ஆளோட ஷூவைக் கழட்டறா, வெந்நி போடறா, வாயைத் தொறந்து ஒண்ணு கேக்கறாளா? எனக்குப் பத்திக்கிச்சு. எங்கெங்க எரிச்சல் வந்துதோ அங்கெல்லாம் கோடு போட்டேன். பாருய்யா, இப்படி ஒரு பொம்பளை எங்க இருக்கான்னு சண்டை போடலாம்னு."

சாந்தியின் கையில் கரண்டி நின்றது. "நீங்களா கோடு போட்டீங்க?"

"முழுசாக் கேளு. கோட்டுக்குப் பக்கத்துல நோட் வர ஆரம்பிச்சுது. கிட்டு எழுதறார்டி! 'உன் அருகில் இருந்தால் என் களைப்புக்கு வேலையே இல்லை'ன்னு. கல்யாணத்துக்கு முன்னாடி இந்த மனுஷன் எனக்கு அனுப்பின ஒரே மெயில் ஃப்ளைட் டிக்கெட். நேர்ல கேட்டா கூச்சப்பட்டு நிறுத்திடுவார்னு நான் மூச்சே விடலை. அவர் எழுதணும்னே இப்ப இன்னும் கோடு போடறேன். போன வாரம் என்ன எழுதிருக்கார் தெரியுமா? வீட்ல ஒரே அமைதியாம். என் வீட்ல! நக்கலைப் பாரு."

அவள் சிரித்தாள். சாந்தியும் சிரித்தாள், வேறென்ன செய்வது. ஆனால் உள்ளே எல்லாம் இடம் மாறி விழுந்தது. அமைதியாக இருந்தது ஷ்யாமளாவின் வீடு இல்லை. தான் அடக்கி வைத்த வீடு. கோடு போட்டது மாமா இல்லை, இந்தக்கா, அதுவும் ஆத்திரத்தில். இந்தக்கா எரிச்சலில் கிழித்த கோடுகளைத் தான் வேதம் மாதிரி எடுத்து நடந்திருக்கிறோம். குறிப்பு மட்டும் மாமாவுடையது. அவர் "உன்" என்று எழுதியது புத்தகப் பெண்ணுக்கு இல்லை, கோடு போடுகிறவளுக்கு.

அதையும் கண்ணால் பார்த்தாள். கிளம்பும்போது ஷ்யாமளா வெற்றிலைத் தட்டோடு காராஜுக்கு வந்தாள். நஞ்சப்பன் அவசரமாக எழுந்து நின்றான். அவன் முகத்தில் அந்தச் சிரிப்பு, தோசைக்கு முன்னால் அணைகிற அதே சிரிப்பு, இப்போது அணையாமல் இருந்தது.

"புக்கெல்லாம் நல்லாப் போகுதுங்களா?" என்றான்.

"போகுதுண்ணா. வீட்டுக்காரரே கூட உக்காந்து படிக்கற மாதிரி இருக்கு" என்று ஷ்யாமளா புருஷனைப் பார்த்துக் கண்ணடித்தாள். கிட்டுசாமி ஒன்றும் புரியாமல் சுண்டலை மென்றான். நஞ்சப்பன் தட்டிலிருந்து வெற்றிலையை எடுக்க மறந்து நின்றான்.

சாந்தி அங்கேயே கத்தியிருக்கலாம். ஆனால் அந்த மை தீட்டிய கண்ணைப் பார்த்தாள். இதைச் சொன்னால் அழிவது தன் புருஷன் இல்லை, அந்த மைதான். சொல்லாமல் போனால் தான் மறுபடி மண்டியிட வேண்டும். இரண்டு பக்கமும் சுவர்.

கார் ஃப்ரீவே ஏறியது. பிள்ளைகள் பின்னால் ஹெட்போனை மாட்டிக்கொண்டார்கள். முன்னால் பிரேக் விளக்குகள் சிவப்பாக நீண்டு கிடந்தன. நகரவும் முடியாது, இறங்கவும் முடியாது. சாந்தி கேட்டாள்.

"மாமா, அந்தச் சயோகோகிட்டப் போற ஆளு, அவனோட பொண்டாட்டிக்கு என்ன பேருங்க?"

"எந்தச் சயோகோ?"

"நீங்க நோட் போடறீங்களே, அந்தப் புக்குல."

முன்னால் நின்ற வண்டி ஓரடி நகர்ந்தது. "ஞாபகமில்லை" என்றான்.

"ஞாபகம் இருக்காதுங்க. பேரே வெக்கலை. நான் தேடிப் பாத்துட்டேன்."

"சாந்தி, சும்மா ஒரு புக்கு. நான் அவங்களத் தொட்டதில்ல, போன்ல பேசுனதில்ல. கிட்டு புக்கே தொட மாட்டான், கோடு போடறது அவங்கதான்னு தெரியும். அவங்க மனசு அதுல தெரிஞ்சுது, அவ்வளவுதான்."

"மனசா? எரிச்சல்ல போட்ட கோடுங்க அது. இப்படி ஒரு பொம்பளை எங்க இருக்கான்னு போட்டுதாம் அந்தக்கா. நீங்க எழுதறதைக் கிட்டண்ணன் எழுதறதா நெனச்சு மை வெச்சுட்டு நிக்குது."

பக்கத்து லாரி ஒன்று மூச்சு விட்டது.

"அந்தக் கோடெல்லாம் நீங்க போட்டதுன்னு நெனச்சு நான் அப்படியே இருந்து பாத்தேனுங்க. ஷூ கழட்டுனேன். வெந்நி வெச்சேன். உங்களுக்கு அது புடிச்சுதா?"

அவன் பின்கண்ணாடியைத் திருப்பிச் சரிசெய்தான். பிடித்திருந்தது என்பதுதான் பதில், இருவருக்கும் தெரியும்.

"என் பல்லு வீங்கிக் கெடந்துச்சே, எந்தப் பக்கம்னு சொல்லுங்க பாக்கலாம்."

அவன் திரும்பி அவள் கன்னத்தைப் பார்த்தான். வீக்கம் வற்றிவிட்டது. ஒத்தாசைக்கு ஒன்றும் இல்லை. "எடது" என்றான்.

"தப்புங்க." குரல் உடைந்து, கரகரத்து, பிறகு மேலே ஏறியது. "குப்பைக்குத் திட்டுன அந்த ஒசாகா வீட்டுக்காரம்மாவும் ஜப்பான்காரிதானுங்களே மாமா. அதை ஏன் ஒருத்தரும் புக்கா எழுத மாட்டேங்கறாங்க? எழுதுனா நீங்க வாங்க மாட்டீங்க, அதுதான?"

பின்னால் கவின் ஒரு காதிலிருந்து ஹெட்போனை எடுத்தான். "அக்கா, அம்மா இஸ் ஷௌட்டிங்."

"ஃபைனலி" என்றாள் வான்மதி.

சாந்தி தணித்துக்கொண்டாள். "ஒண்ணு செய்யுங்க. இனி அதுல நீங்க ஒரு எழுத்து எழுதக் கூடாது. கிட்டண்ணன்கிட்டப் போயி எல்லாத்தையும் சொல்லுங்க. அவரு எழுதட்டும் இனிமேல். அந்தக்கா மையை நான் அழிக்க மாட்டேன்."

"அவன் என்னை அடிச்சே போடுவான்."

"அடிச்சா வாங்கிக்கங்க."

அவன் போனான். பேர்லேண்ட் காராஜில் அந்த இரண்டு சிநேகிதர்களுக்கும் நடுவில் என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது, அவர்கள் யாருக்கும் சொல்லவில்லை. நஞ்சப்பன் திரும்பி வந்து காரை விட்டு இறங்காமல் வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். அந்த வாரம் புத்தகத்தில் கிட்டுசாமியின் முதல் குறிப்பு வந்தது. "இந்த இடம் நன்றாக உள்ளது. வரும்போது கொத்தமல்லி வாங்க வேண்டுமா?" அதற்கு அடுத்த வரியிலேயே ஷ்யாமளா கோடு போட்டிருந்தாள். சாந்தி அதைப் பார்த்து, நெஞ்சில் கை வைத்துச் சிரித்தாள்.

எல்லாம் சரியாகிவிட்டதா என்று கேட்கிறாய். இல்லை கண்ணு. காராஜ் கதவு உருண்டால் அவள் கால் இன்றைக்கும் தானாக எழுந்து போகிறது. முட்டி மடங்கப் பார்க்கிறது. பாதி வழியில் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பாள், உடம்பு பழகியதை அவ்வளவு சீக்கிரம் விட்டுவிடுமா? அப்படி நின்ற ஒரு சாயங்காலம், அவன் தானே குனிந்து ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்தான். கையில் போன் இருந்தது. அதில் அந்த நாவல் திறந்திருந்தது. "சாப்பாடு எடுத்து வைக்கவா, வெளியே சாப்பிட்டீர்களா?" என்ற வரிக்குக் கீழே புதிதாகக் கோடு. பக்கத்தில் குறிப்பு: "இவள் பேர் சாந்தி. கேட்டதற்குப் பதில் இன்னும் வரவில்லை." அன்று காலையில் அவள்தான் போட்டது. இந்த ஒரு குறிப்பு இரண்டு வீட்டிலும் தெரியும் என்பது தெரிந்தேதான் போட்டாள். ஷ்யாமளா பார்த்தாலும், சாந்தியும் இதைப் படிக்கிறாள் என்று சிரிப்பாளே தவிர, மை அழியாது.

அவன் அவளை நிமிர்ந்து பார்த்தான்.

"இன்னும் சாப்பிடலை" என்றான். "வலது பக்கமா சாந்தி?"

"எடது இல்லைன்னா வலதுதானுங்க மாமா. அதுக்கு இன்ஜினியர் வேணுமா?" என்றாள். சொல்லிவிட்டுத் தோசைக்கல்லைச் சத்தமாகவே அடுப்பில் வைத்தாள். "நாளைக்குப் பல் டாக்டர்கிட்ட நான்தான் ஓட்டிட்டுப் போவேன். நீங்க பக்கத்துல உக்காந்து வாங்க. டெஸ்ட்டுக்கு மறுபடி தேதி வாங்கிட்டேன்."

அந்தப் புத்தகத்தின் கதவு கொஞ்சம்தான் திறந்தது. அவள் இன்னும் வாசற்படியில்தான் நிற்கிறாள்.

நீ போய் வா, கண்ணு. உன் வீட்டில் கூப்பிட ஒரு பேரும் பதில் சொல்ல ஒரு குரலும் என்றைக்கும் இருக்கட்டும். யார் கன்னம் எந்தப் பக்கம் வீங்கினாலும் அதே வேளை பார்க்கிற கண் அங்கே இருக்கட்டும். உன் அடுக்களைச் சத்தம் குறையாமல், நீங்கள் எல்லாரும் நிறைந்து இருங்கள்.